சிறைவீடும் சாட்சியின் அச்சமும்: இடைக்கால விடுப்புத் தீர்ப்புகள் குறித்த ஒரு திறனாய்வு

முன்னுரை

சிறைத்தண்டனை பெற்ற ஒருவர் தாயின் நோயையோ மகளின் திருமணத்தையோ முன்னிட்டுச் சில நாள்கள் வெளியே வந்து திரும்புவதை இடைக்கால விடுப்பு என்கிறோம். அவரைச் சிறைக்கு அனுப்பியது பெரும்பாலும் மற்றொருவரின் வாய்மொழியாகும். அந்த மற்றொருவர் அதே ஊரில், சில வேளைகளில் அதே தெருவில், வாழ்ந்துகொண்டிருக்கக்கூடும். வெளிவருபவரின் நியாயமான தேவையும் சாட்சி சொன்னவரின் உயிரச்சமும் எதிரெதிரே நிற்கும்பொழுது சட்டம் எதனை எவ்வாறு எடைபோடுகிறது என்பதே இக்கட்டுரை எழுப்பும் வினா.

இவ்வினா சட்டத்துறைக்கு மட்டுமே உரியதன்று. தீர்ப்பும் ஒரு பனுவலே. அதில் பேசுவோர் உளர், பேசப்படுவோர் உளர், பேச வாய்ப்பே பெறாதோரும் உளர். இலக்கியப் பனுவலில் இம்மூவரையும் இனங்காணப் பழகிய நாம், அதே பயிற்சியுடன் தீர்ப்பையும் வாசிக்கலாம். இந்திய உச்சநீதிமன்றம் 20.10.2021 அன்று நாராயண் சாய் வழக்கில் வழங்கிய தீர்ப்பை இக்கட்டுரை முதன்மைப் பனுவலாகக் கொள்கிறது. தமிழ்க் காப்பியங்கள் சிறைவீட்டையும் சாட்சியையும் கையாண்ட முறை அதற்குப் பின்புலமாகிறது. தமிழக வழக்குகள் சிலவற்றை ஒப்புநோக்கியபின், நாம் வாழும் ஜொகூர் மண்ணுக்கு இவ்வாய்வு எதனைச் சுட்டுகிறது என்பதனை இறுதியில் காண்போம்.

காப்பியங்களில் சிறைவீடும் கரியும்

சிலப்பதிகாரக் கட்டுரை காதையில் மதுராபதித் தெய்வம் கண்ணகிக்கு வார்த்திகன் வரலாற்றைக் கூறுகிறது. பொறாமை கொண்ட அரசப் பணியாளர், புதையற்பொருளைக் கவர்ந்தான் என்று பழிசுமத்தி அந்தணனாகிய வார்த்திகனைச் சிறையிடுகின்றனர். அவன் மனைவி கார்த்திகை அழுது புரள்கிறாள். ஐயை கோயிலின் கதவு திறவாது நின்றுவிடுகிறது. உண்மையறிந்த பாண்டியன் வார்த்திகனை விடுவித்துத் திருத்தங்காலையும் வயலூரையும் அளிக்கிறான். நாட்டின் சிறைகளைத் திறக்கவும் ஆணையிடுகிறான். மணிமேகலையிலோ சிறைக்கோட்டம் அறக்கோட்டமாகவே மாறுகிறது. மாவண்கிள்ளியிடம் மணிமேகலை கேட்டுப்பெறும் வரம் அதுவேயாகும். இவ்விரு இடங்களிலும் சிறைவீடு அரசனின் அருளாகவும் அறத்தின் வெற்றியாகவும் போற்றப்படுகிறது.

சாட்சியைக் குறிக்கும் ‘கரி’ என்னும் சொல்லும் காப்பியத்திற்கு அயலானதன்று. புகார் நகரின் சதுக்கப்பூதம் தண்டிக்கும் குற்றவாளிகளுள் பொய்க்கரி புகல்வோரும் ஒருவர். அடைக்கலக் காதையில், கற்புடைய பெண்ணொருத்தி மீது பொய்க்கரி கூறியவனைப் பூதம் பற்றுகிறது. அவன் தாயின் துயர்கண்டு கோவலன் தன்னுயிரைத் தர முன்வருகிறான். பூதம் அதனை ஏற்கவில்லை. பின்னர்க் கோவலன் அக்குடும்பத்தைப் பல்லாண்டு காலம் புரந்தான் என்று மாடலன் நினைவுகூர்கிறான்.

இவ்விரு மரபுகளையும் இணைத்து நோக்குமிடத்து ஓர் உண்மை புலனாகிறது. காப்பியத்தின் கவலை பொய் சொல்லும் சாட்சியைப் பற்றியது. உண்மை சொன்ன சாட்சிக்கு நேரும் இன்னலைப் பற்றியதன்று. பொய்க்கரியாளனைத் தின்னப் பூதம் உண்டு. மெய்க்கரியாளனைக் காக்க அத்தகைய பூதம் எதுவும் இல்லை. சிறைக்கதவு திறந்தபொழுது, அங்கிருந்தோருக்கு எதிராக வாய்திறந்தவர்கள் என்ன ஆனார்கள் என்று எவரும் வினவவுமில்லை. வார்த்திகன் குற்றமற்றவன் என்பதால் அவன் கதையில் அவ்வினா எழ இடமில்லை. ஆயின் நாட்டின் எல்லாச் சிறைகளும் திறக்கப்படும்பொழுது அவ்வினா எழத்தான் வேண்டும்.

இவ்விடத்தில் வன்னி மரத்தின் கதையும் கருதத்தக்கது. கண்ணகி தன் வஞ்சினத்தில் எடுத்துரைக்கும் புகார்ப் பெண்டிர் எழுவருள் முதல்வி, வன்னி மரத்தையும் மடைப்பள்ளியையும் சாட்சியாக்கியவள். பரஞ்சோதியாரின் திருவிளையாடற்புராணத்தில் இது வன்னியும் கிணறும் இலிங்கமும் மதுரைக்கு வந்து சான்றாகும் படலமாக விரிகிறது. கும்பகோணத்தை அடுத்த திருப்புறம்பியத்தில் இறைவன் சாட்சிநாதர் என்றே வழங்கப்பெறுகிறார். மனிதர் எவரும் சாட்சிக்கு இல்லாத நிலையில் மரமும் கிணறும் வந்தன என்பதே இக்கதை நமக்கு வழக்கமாக உணர்த்தும் பொருள். அதனோடு மற்றொன்றையும் சேர்த்து எண்ணலாம். மரத்தை மிரட்ட இயலாது. கிணற்றுக்கு அஞ்ச வேண்டிய குடும்பம் இல்லை. அச்சமற்ற சாட்சியைக் கற்பனை செய்ய முனைந்த நம் மரபு, மனிதரை விட்டு இயற்கையிடம் சென்றது எனலாம்.

நாராயண் சாய் தீர்ப்பு

ஆசாராம் என்னும் சமயத் தலைவரும் அவர்தம் மகன் நாராயண் சாயும் தனித்தனி வழக்குகளில் பாலியல் வன்கொடுமைக்காக ஆயுள் தண்டனை பெற்றவர்கள். தந்தைக்கு 2018 ஏப்ரலில் ஜோத்பூரிலும், மகனுக்கு 2019 ஏப்ரலில் சூரத்திலும் தண்டனை விதிக்கப்பட்டது. இவ்வழக்குகளோடு தொடர்புடைய சாட்சிகள் பலர் 2014, 2015ஆம் ஆண்டுகளில் தாக்கப்பட்டனர், சிலர் சுட்டுக்கொல்லப்பட்டனர். தாக்குதலில் உயிர்தப்பிய மகேந்தர் சாவ்லாவும் பிறரும் உச்சநீதிமன்றத்தை அணுகியதன் விளைவாகவே, இந்தியாவின் ‘சாட்சியர் பாதுகாப்புத் திட்டம் 2018’ அவ்வாண்டு டிசம்பரில் அந்நீதிமன்றத்தின் ஒப்புதலைப் பெற்று நாடு முழுமைக்கும் நடைமுறைச் சட்டமாயிற்று.

2020 டிசம்பரில் தாயின் உடல்நலத்தைக் காரணங்காட்டி நாராயண் சாய் இரு வாரங்கள் வெளிவந்தார். 24.06.2021 அன்று குஜராத் உயர்நீதிமன்றம் அவருக்கு மேலும் இரு வார விடுப்பு வழங்கியது. இம்முறை அது ‘பர்லோ’ எனப்படும் வகையினது. பரோல் என்பது குறிப்பிட்ட காரணத்திற்காக வழங்கப்படுவது. பர்லோவிற்குத் தனிக்காரணம் வேண்டியதில்லை. நெடுநாள் சிறைவாழ்வின் சலிப்பைத் தணிக்கவும் குடும்ப உறவு அறுபடாமல் காக்கவும் காலமுறைப்படி வழங்கப்படுவது. மாநில அரசு மேல்முறையீடு செய்தது. நீதியரசர்கள் டி.ஒய். சந்திரசூட், பி.வி. நாகரத்னா ஆகியோர் அடங்கிய அமர்வு விடுப்பை நீக்கித் தீர்ப்பளித்தது.

இத்தீர்ப்பின் சிறப்பு அதன் சமநிலை ஆகும். சிறையாளியின் சீர்திருத்தமும் குடும்ப உறவும் அரசு பேண வேண்டிய நலன்கள் என்று அது ஏற்கிறது. அதே வேளையில், பர்லோ நிபந்தனையற்ற உரிமையன்று என்றும் கூறுகிறது. 1959ஆம் ஆண்டுப் பம்பாய் விதிகளின்படி, பொது அமைதி கருதிக் காவல்துறை பரிந்துரைக்காதவருக்கு விடுப்பு மறுக்கப்படலாம். சாட்சிகள் தாக்கப்பட்ட வரலாறு, அதிகாரிகளுக்குக் கையூட்டு அளிக்க முயன்றதாக எழுந்த வழக்கு, சிறையில் கைப்பேசி வைத்திருந்ததான குற்றச்சாட்டு, பெருந்திரளான பின்பற்றுவோர் ஆகியவற்றை நீதிமன்றம் கருத்திற்கொண்டது. முன்னைய இரு வாரங்கள் அமைதியாகக் கழிந்தன என்பது மட்டும் போதுமான விடையாகாது எனவும் அது கருதியது. இம்முடிவு சரியானதே என்பது நம் கருத்து. அச்சுறுத்தப்பட்டவர் அமைதியாக இருப்பதும் அச்சுறுத்தலின் ஒரு விளைவாக இருக்கலாம் அன்றோ?

தீர்ப்பு விட்டுச்சென்ற இடைவெளி

முடிவு சரியானதாயினும் அதனை அடைந்த வழியில் குறையொன்று உண்டு. இத்தீர்ப்பில் சாட்சி பேசப்படுகிறார், பேசவில்லை. அவருடைய அச்சம் காவல்துறை அறிக்கையின் வழியாக மட்டுமே நீதிமன்றத்தை அடைகிறது. அங்கும் அது ‘பொது அமைதி’ என்னும் விரிந்த சொல்லுக்குள் கரைந்துவிடுகிறது. எந்தச் சாட்சி, எவ்வூரில், எதற்கு அஞ்சுகிறார் என்பது அச்சொல்லில் இல்லை. பொது அமைதி என்பது அரசின் நலன். சாட்சியின் உயிர் ஒரு தனிமனிதரின் நலன். இரண்டும் பல வேளைகளில் ஒத்துச்செல்லலாம். ஒத்துச்செல்லாத வேளைகளில் எது மறக்கப்படும் என்பதற்குப் பில்கிஸ் பானு வழக்கு விடை கூறுகிறது.

2002ஆம் ஆண்டுக் குஜராத் கலவரத்தில் நிகழ்ந்த கொடுமைக்காக ஆயுள் தண்டனை பெற்ற 11 பேரும், 2022 ஆகஸ்டு 15 அன்று முன்கூட்டியே விடுவிக்கப்பட்டனர். அதற்கு முன்னரே அவர்களுள் பத்துப் பேர் பரோல், பர்லோ, இடைக்காலப் பிணை ஆகியவற்றின் வாயிலாக ஒவ்வொருவரும் ஆயிரம் நாள்களுக்கு மேல் வெளியே இருந்தமை பின்னர் வெளிப்பட்டது. அந்நாள்களில் சாட்சிகள் மிரட்டப்பட்டதாகப் புகார்களும் எழுந்தன. 08.01.2024 அன்று நீதியரசர் பி.வி. நாகரத்னா, நீதியரசர் உஜ்ஜல் புயான் ஆகியோர் அம்முன்விடுதலையை நீக்கினர். ஒரே மாநிலம், ஒரே விதிகள். ஒரு வழக்கில் சாட்சியின் அச்சத்தை எடுத்துரைத்து மேல்முறையீட்டுக்குச் சென்ற அரசு, மற்றொரு வழக்கில் ஆயிரம் நாள்கள் கதவு திறந்திருக்கக் கண்டும் வாளாவிருந்தது. சாட்சியின் பாதுகாப்பு அரசின் விருப்பத்தை நம்பியிருக்கும் வரை இம்முரண் தொடரும்.

காலத்தின் முரணும் இங்கு உண்டு. 2018ஆம் ஆண்டுத் திட்டம் அச்சுறுத்தலை மூவகையாகப் பகுக்கிறது. விசாரணைக்குப் பின்னர்த் தொடரும் ஆபத்தையும் அது சொல்லளவில் ஏற்கிறது. ஆயினும் பாதுகாப்பு நடவடிக்கை ஒருமுறைக்கு மூன்று மாதங்களுக்கு மேற்படாதது. சிறை விடுப்போ தண்டனை வழங்கப்பட்டுப் பல ஆண்டுகள் கழித்து வருவது. வாயிற்காவல் நீங்கிய பின்னரே, யாருக்கு எதிராகச் சாட்சி கூறினாரோ அவர் ஊர் திரும்புகிறார். இவ்விரண்டையும் இணைக்கும் பாலம் எதனையும் நாராயண் சாய் தீர்ப்பு கட்டவில்லை. விடுப்பை மறுத்ததனால் அதற்குத் தேவையும் எழவில்லை. ஆனால் எல்லா விடுப்பையும் மறுத்துக்கொண்டே இருப்பது விடையாகாது.

தமிழகச் சான்றுகள்

மறுப்பின் மறுபக்கத்தைத் தமிழகம் நன்கறியும். இராஜீவ் காந்தி கொலைவழக்கில் தண்டனை பெற்ற பேரறிவாளன், நோயுற்ற தந்தையைக் காண 2017 ஆகஸ்டில் முதன்முறையாகப் பரோலில் வந்தபொழுது சிறைபுகுந்து 26 ஆண்டுகள் கடந்திருந்தன. நளினி 2019இல் மகளின் திருமண ஏற்பாட்டிற்காக ஆறு மாத விடுப்பு வேண்டிச் சென்னை உயர்நீதிமன்றத்தில் தாமே தோன்றி வாதிட்டார். கிடைத்தது 30 நாள். பின்னர் மூன்று வாரங்கள் நீட்டிக்கப்பட்டது. அரசியல்வாதிகளையோ ஊடகத்தாரையோ சந்திக்கலாகாது என்பது நிபந்தனை. இவ்வழக்கில் சாட்சி விசாரணை முடிந்து ஏறத்தாழ இருபதாண்டுகள் ஆகியிருந்தன. ஆகவே அந்நிபந்தனை சாட்சியைக் காப்பதற்கு அன்று. விடுப்புப் பெற்றவரின் பேச்சைத் தடுப்பதற்கே அமைந்தது. ‘பொது அமைதி’ என்னும் சொல் யாரை நோக்கியும் திரும்பும் என்பதற்கு இது சான்று. பேரறிவாளன் 2022 மே மாதத்திலும், நளினி உள்ளிட்ட ஏனையோர் அவ்வாண்டு நவம்பரிலும் விடுதலை பெற்றனர்.

பொருந்திய நிபந்தனை எவ்வாறிருக்கும் என்பதற்கு மேலவளவு வழக்கு வழிகாட்டுகிறது. மதுரை மாவட்டம் மேலவளவு ஊராட்சித் தலைவர் முருகேசனும் அவருடன் பேருந்தில் வந்தவர்களும் 30.06.1997 அன்று சாதிவெறியால் வெட்டிக்கொல்லப்பட்டனர். இக்கொலைகளுக்காக ஆயுள் தண்டனை பெற்றவர்களுள் 13 பேரைத் தமிழக அரசு 2019 நவம்பரில் முன்கூட்டியே விடுவித்தது. அதனை எதிர்த்து வழக்குத் தொடரப்பட்டபொழுது, சென்னை உயர்நீதிமன்றத்தின் மதுரைக் கிளை, விடுவிக்கப்பட்டோர் தம் ஊருக்குச் செல்லாமல் வேலூரில் தங்கியிருக்க வேண்டும் என்று இடைக்கால நிபந்தனை விதித்தது. இது முன்விடுதலை வழக்கேயன்றி இடைக்கால விடுப்பு வழக்கன்று. எனினும் அதன் உள்ளீடு இரண்டிற்கும் பொருந்தும். வழக்கமாகக் குற்றவாளி ஊர் திரும்பும்பொழுது சாட்சியே ஊரைவிட்டு ஒதுங்குவார். இவ்வாணை ஒதுங்கும் கடமையை விடுவிக்கப்பட்டவர் மீது வைத்தது. பேச்சைத் தடுக்காமல் இடத்தைப் பிரித்தமையே இதன் நுட்பம்.

சாட்சி காக்கப்படாவிட்டால் விளைவது யாது என்பதனை 2015இல் நிகழ்ந்த கோகுல்ராஜ் கொலைவழக்கு காட்டுகிறது. நாமக்கல் நீதிமன்றத்தில் முதன்மைச் சாட்சி தம் முன்னைய வாக்குமூலத்திலிருந்து பிறழ்ந்தார். வழக்கு பின்னர் மதுரைச் சிறப்பு நீதிமன்றத்திற்கு மாற்றப்பட்டது. 2022 மார்ச்சில் தண்டனை வழங்கப்பட்டு, 2023 ஜூனில் உயர்நீதிமன்றம் அதனை உறுதிசெய்தது. அதற்குப் பெரிதும் துணைநின்றது திருச்செங்கோடு அர்த்தநாரீசுவரர் கோயிலின் கண்காணிப்புப் படக்கருவிப் பதிவு ஆகும். வன்னி மரத்தின் இடத்தில் இன்று படக்கருவி நிற்கிறது என்று கூறலாம். ஆயின் இதனைத் தொழில்நுட்பத்தின் வெற்றியாக மட்டும் கொள்வது பொருந்தாது. மனிதச் சாட்சிக்கு நாம் பாதுகாப்பு அளிக்கவில்லை என்பதன் ஒப்புதலாகவும் அது அமைகிறது. படக்கருவி இல்லாத தோட்டத்திலும் வயலிலும் வீட்டினுள்ளும் நிகழும் கொடுமைகளுக்கு மனிதரே சாட்சி.

ஜொகூர் நோக்கு

மலேசிய வாசகர்களாகிய நாம் இச்சிக்கலைத் தொலைவிலிருந்து காண்பவர்கள் அல்லர். சாட்சியின் அச்சத்திற்கு ஒருகாலத்தில் இந்நாடு அளித்த விடை ஜொகூரின் சிம்பாங் ரெங்கத்தில் கட்டடமாகவே நின்றது. 1969ஆம் ஆண்டு அவசரகாலச் சட்டத்தின்கீழ் விசாரணையின்றித் தடுத்துவைக்கப்பட்டோர் பலர் அங்குள்ள தடுப்பு மையத்தில் அடைக்கப்பட்டனர். நம் இனத்து இளைஞரும் அவர்களுள் இருந்தனர். குண்டர் கும்பல்களுக்கு எதிராகச் சாட்சி கூற மக்கள் அஞ்சுகின்றனர் என்பதே அத்தகைய தடுப்புக்காவலுக்குக் கூறப்பட்டுவந்த முதன்மையான நியாயம். சாட்சி அஞ்சுவதனால் சாட்சியையே நீக்கிவிடும் முறை அது. சாட்சியின் அச்சம் தீர்ந்ததோ இல்லையோ, குற்றஞ்சாட்டப்பட்டவர் தம் பக்கத்தை எடுத்துரைக்கும் வாய்ப்பை இழந்தார். 2011இல் அவசரகாலப் பிரகடனங்கள் மீட்டுக்கொள்ளப்பட்டதைத் தொடர்ந்து அச்சட்டம் காலாவதியாயிற்று. ஆயினும் 1959ஆம் ஆண்டுக் குற்றத்தடுப்புச் சட்டம் 2013இல் திருத்தப்பட்டு, 2014 முதல் விசாரணையற்ற தடுப்புக்காவல் மீண்டும் இடம்பெற்றது.

இதற்கு மாற்றாக அமையத்தக்க இரண்டு சட்டங்கள் நம்மிடம் உண்டு. 1995ஆம் ஆண்டுச் சிறைச்சாலைச் சட்டம் 2008இல் திருத்தப்பட்டுப் பரோல் முறை அறிமுகமாயிற்று. ஓராண்டிற்குக் குறையாத தண்டனையில் பாதியைக் கழித்தவர், விலக்கப்பட்ட குற்றவகையினர் அல்லராயின், பரோல் வாரியத்தின் முடிவுக்கு உட்பட்டு வெளிவரலாம். இந்திய முறையைப் போன்று சில நாள்கள் வந்து திரும்புவதாக இல்லாமல், எஞ்சிய காலத்தைக் கண்காணிப்பில் ஊரிலேயே கழிப்பதாக இது அமைகிறது. அதற்கு அடுத்த ஆண்டே 2009ஆம் ஆண்டுச் சாட்சியர் பாதுகாப்புச் சட்டம் இயற்றப்பட்டது. இடமாற்றம், புதிய அடையாளம் வரையிலான உதவிகளுக்கு அது இடமளிக்கிறது. முன்னையது உள்துறை அமைச்சின்கீழ் இயங்கும் சிறைச்சாலை இலாகாவின் பொறுப்பு. பின்னையது பிரதமர் துறையின் பொறுப்பு. ஓராண்டு இடைவெளியில் பிறந்த இவ்விரு சட்டங்களும் இரு வேறு அலுவலகங்களில் வாழ்கின்றன.

ஜொகூரின் கூலாய், குளுவாங், சிகாமட் வட்டாரங்களில் தோட்டங்களிலிருந்து வெளியேறிய குடும்பங்கள் பலவும் அருகருகே குடியமர்ந்த நிலையை எண்ணிப்பார்ப்போமாக. குற்றம் புரிந்தவரும் பாதிக்கப்பட்டவரும் சாட்சியும் ஒரே கோயிலுக்குச் செல்வர். ஒரே திருமணத்திற்கு அழைக்கப்பெறுவர். அவர்தம் பிள்ளைகள் ஒரே தமிழ்ப்பள்ளியில் பயில்வர். அத்தகைய இடத்தில் புதிய அடையாளமும் தொலைவூர் வாழ்வும் பெரும்பாலோருக்கு ஏற்புடையன ஆகா. உறவும் மொழியும் பிழைப்பும் ஓரிடத்தில் வேரூன்றியவரிடம் ‘உயிர் வேண்டுமாயின் ஊரை விடு’ என்பது பாதுகாப்பாகாது, மற்றொரு தண்டனையாகும். அவருக்கு வேண்டுவது மிக எளியது. அவர் எப்பொழுது வருகிறார், எங்கே தங்குவார், தமக்கு இடர் நேரின் எவரை அழைப்பது என்னும் மூன்று செய்திகளே அவை.

இவ்வாய்விலிருந்து மூன்று அளவுகோல்களை முன்வைக்கலாம். முதலாவது, விடுப்பு பற்றிய முடிவுக்கு முன் சாட்சியின் கருத்து நேரடியாகவும் மறைவாகவும் பெறப்படல் வேண்டும். அது விடுப்பை முறிக்கும் அதிகாரமாக அமைய வேண்டியதில்லை. எடைபோடப்படும் சான்றாக அமைந்தால் போதும். இரண்டாவது, நிபந்தனைகள் ஆபத்தோடு பொருந்த வேண்டும். தங்குமிடம், செல்லக்கூடாத இடம், தொடர்புகொள்ளக்கூடாத ஆள் ஆகியவை பொருந்தும் நிபந்தனைகள்; பேச்சுத்தடை பெரும்பாலும் பொருந்தாதது. மூன்றாவது, மறுக்கப்படுமாயின் காரணம் ‘பொது அமைதி’ என்ற அளவில் நில்லாமல் குறிப்பிட்டுரைக்கப்படல் வேண்டும். காரணம் தெரிந்தால்தான் சிறையாளி அடுத்தமுறை வேறு ஊரில் தங்க முன்வந்தேனும் தம் விண்ணப்பத்தைச் செம்மைப்படுத்த இயலும். இம்மூன்றும் சாட்சிக்கு மட்டும் துணைசெய்வன அல்ல. பின்பற்றுவோரோ பணபலமோ இல்லாத எளிய சிறையாளிக்கும் துணைசெய்வன.

சாட்சியைக் கேட்பது என்பதே அவரை மீண்டும் வெளிச்சத்திற்குக் கொணர்ந்து ஆபத்தை மிகுவிக்காதா என்னும் மறுப்பு எழக்கூடும். இம்மறுப்பு வலுவானது. ஆகவேதான் மறைவு வேண்டும் என்கிறோம். கேட்கப்பட்டவர் யார், அவர் உரைத்தது யாது என்பது சிறையாளிக்குத் தெரியவேண்டியதில்லை. அதன் சாரம் மட்டும் தெரிந்தால் போதும். முழு மறைவு எல்லா வழக்குகளிலும் இயலாது என்பதையும் ஒப்புக்கொள்கிறோம். ஒரே சாட்சி உள்ள வழக்கில் கருத்துரைத்தவர் எவர் என்பதை ஊகிப்பது எளிது. அத்தகைய வழக்கில் இடத்தைப் பிரிக்கும் நிபந்தனையை எவரையும் கேளாமலே விதிப்பதுதான் பொருத்தமான வழியாகும்.

முடிவுரை

நாராயண் சாய் தீர்ப்பு, விடுப்பு என்பது சிறையாளிக்கும் அரசுக்கும் இடைப்பட்டது மட்டுமன்று என்பதை உணர்த்திய வகையில் முதன்மையானது. ஆனால் மூன்றாமவராகிய சாட்சிக்கு அது இடமளித்ததேயன்றிக் குரலளிக்கவில்லை. பில்கிஸ் பானு வழக்கு அக்குரலின்மையின் விலையைக் காட்டியது. பேரறிவாளன், நளினி ஆகியோரின் நெடுங்காத்திருப்பு, அச்சத்தின் பெயரால் கதவை மூடிவைப்பதன் விலையைக் காட்டியது. மேலவளவு ஆணை இரண்டிற்கும் இடைப்பட்டதொரு வழி உண்டு என்பதை உணர்த்தியது.

தமிழாசிரியர்களாகிய நமக்கும் இதில் ஒரு கடமை உண்டு. சதுக்கப்பூதத்தை வகுப்பில் விளக்கும்பொழுது பொய்க்கரியின் தீமையோடு நிறுத்திக்கொள்கிறோம். கட்டுரை காதையைப் பயிற்றும்பொழுது சிறைகள் திறக்கப்பட்டதைப் போற்றி மேற்செல்கிறோம். அவ்விடங்களில் மாணவரிடம் கூடுதலாக ஒரு வினாவை எழுப்பலாம்: உண்மையைச் சொன்னவரை இக்கதையில் எவர் காத்தார்? காப்பியத்தில் இதற்கு விடை இல்லை என்பதை மாணவர் தாமே கண்டுகொள்வர். அவர்களுள் சிலர் சிறையிலிருந்து ஒருவர் வருவதற்காகக் காத்திருக்கும் வீட்டுப் பிள்ளைகளாக இருக்கலாம். வேறு சிலர் அவர் வருவாரோ என்று அஞ்சியிருக்கும் வீட்டுப் பிள்ளைகளாக இருக்கலாம். இருவரும் ஒரே வகுப்பறையில் அமர்ந்திருக்கக்கூடும் என்பதை மனத்திற்கொண்டு அவ்வினாவை எழுப்புதல் நன்று.